பேரவைச் செயலாளர் யாருக்குக் கட்டுப்பட்டவர்?

2019 ஜூலை 6, சனிக்கிழமை. ஆளும் கூட்டணியைச் சேர்ந்த சட்டமன்ற உறுப்பினர்கள் பதினொரு பேர் ராஜினாமாக் கடிதங்களோடு பெங்களூரு விதான சௌதாவில் இருக்கும் சபாநாயகர் அலுவலகத்துக்குப் போனார்கள். சபாநாயகர் கே.ஆர்.ரமேஷ் குமார் அப்போது அங்கே இல்லை. கடிதங்களை வாங்கிக்கொண்டு ஒப்புகைச் சீட்டுக் கொடுக்கும்படி அலுவலர்களிடம் சொல்லிவிட்டதாக அவர் பின்னர் தெரிவித்தார். உறுப்பினர்கள் ஆளுநரைப் பார்த்தார்கள். பிறகு மும்பைக்குப் பறந்தார்கள். அதன் பிறகு இரண்டு வாரத்துக்கு மேலாகக் கர்நாடகத்தில் எங்கும் ஒரே பேச்சு: இவர்கள் இன்னும் உறுப்பினர்களா, இல்லையா? கடிதத்தைத்தான் ஆபீஸில் வாங்கிக்கொண்டார்களே, அப்புறம் என்ன என்பது பொதுவாகக் கேட்கத் தோன்றும் கேள்வி.

நியாயமான கேள்விதான். பதில், வாங்குவது வேறு, ஏற்பது வேறு என்பதில் இருக்கிறது. அரசியலமைப்புச் சட்டத்தின் 190ஆவது பிரிவுப்படி உறுப்பினரின் ராஜினாமாவை ஏற்கும் அதிகாரம் சபாநாயகருக்கு மட்டுமே உண்டு. அது தானாக முன்வந்து கொடுத்ததா, உண்மையானதா என்று அவர் விசாரித்துத் திருப்தி அடைய வேண்டும் என்ற நிபந்தனை 1974இல் வந்த 33ஆவது திருத்தத்தில் சேர்ந்தது. கூட்டமாக மிரட்டி எழுதி வாங்கும் பழக்கத்தைத் தடுக்க வந்த நிபந்தனை அது. ஆகவே அன்று கடிதத்தை வாங்கிய அலுவலருக்கு அதை ஏற்கவும் அதிகாரமில்லை, மறுக்கவும் அதிகாரமில்லை. எந்தத் தேதியில், யாரிடமிருந்து, என்ன வாசகத்தோடு கடிதம் வந்தது என்று பதிவு செய்ய வேண்டும், அவ்வளவுதான்.

அவ்வளவுதான் என்று சொல்வதால் அது சின்ன வேலை ஆகிவிடாது. பின்னர் சபாநாயகர் பதினேழு உறுப்பினர்களைக் கட்சி தாவியதாகத் தகுதிநீக்கம் செய்தார். அந்த வழக்கு உச்ச நீதிமன்றத்துக்குப் போனபோது அங்கே முன்னும் பின்னும் பேசப்பட்டது தேதிகளின் வரிசைதான். கடிதம் கொடுத்தது முதலா, கட்சி தாவிய செயல் முதலா? தாவிய செயல் முந்தியது என்றால், பிறகு ராஜினாமா கொடுத்துவிட்டதால் தகுதிநீக்கத்திலிருந்து தப்ப முடியாது என்று 2019 நவம்பர் 13ஆம் தேதி நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பதினேழு பேரின் தகுதிநீக்கம் நிலைத்தது. பேரவையின் எஞ்சிய காலம் முழுவதும் தேர்தலில் நிற்கக்கூடாது என்ற சபாநாயகரின் உத்தரவு மட்டும் ரத்தானது. இப்படி ஒரு தீர்ப்பு எழுத வேண்டுமானால், சபையின் காகிதங்களை எந்தக் கட்சிக்கும் சாயாத ஒருவர் ஒழுங்காக வைத்திருக்க வேண்டும். அவர்தான் பேரவைச் செயலாளர். பிரிட்டனிலும் கனடாவிலும் கிளார்க் என்று அழைக்கப்படும் பதவிக்கு நம் ஊரில் இருக்கும் இணை இது. கிளார்க் என்றதும் நமக்கு நினைவுக்கு வரும் குமாஸ்தாவுக்கும் இந்தப் பதவிக்கும் சம்பந்தமில்லை. சபையின் தலைமை அதிகாரி இவர்.

கர்நாடகத்துக்கு இரண்டு அவைகள். 224 பேர் கொண்ட பேரவை, 75 பேர் கொண்ட மேலவை. ஒவ்வொன்றுக்கும் தனிச் செயலாளர், தனி ஊழியர்கள். இந்தத் தனி ஏற்பாட்டை விதிப்பது அரசியலமைப்பின் 187ஆவது பிரிவு. தலைமைச் செயலகத்தில் கோப்பு பார்க்கும் அதிகாரி அமைச்சருக்குக் கீழே வேலை செய்பவர். பேரவைச் செயலாளர் அப்படியல்ல. அவர் அமைச்சரவையின் ஆள் இல்லை. விதான சௌதாவில் இரு தரப்பும் ஒரே கூரையின் கீழ் இருப்பதால் பலருக்கு இந்த வேறுபாடு தெரிவதில்லை.

இந்தப் பிரிவினை சும்மா வந்துவிடவில்லை. வெள்ளைக்காரர் காலத்தில் மத்தியச் சட்டசபையின் செயலாளர் அரசாங்கத்தின் சட்டத்துறையிலிருந்தே வந்தார். மசோதாவை எழுதிய துறையின் ஆளே, அந்த மசோதாவைக் கேள்வி கேட்கும் சபைக்கும் ஆலோசனை சொல்வார். இது சரியில்லை என்று சபைத் தலைவர் விட்டல்பாய் படேல் விடாமல் வாதாடினார். 1928இல் மோதிலால் நேரு கொண்டுவந்த தீர்மானம் நிறைவேறி, 1929 ஜனவரி 10ஆம் தேதி சட்டசபைக்கென்று தனித்துறை உருவானது. விடுதலைக்குப் பின் அந்த ஏற்பாட்டையே அரசியலமைப்பு எல்லா மாநிலங்களுக்கும் விரித்தது.

மைசூருக்கு இதில் இன்னும் பழைய கதை உண்டு. 1881 அக்டோபர் 7ஆம் தேதி 144 பேரோடு கூடிய மைசூர் பிரதிநிதிகள் சபையைத் தொடங்கி வைத்தவர் திவான் ரங்காசார்லு. சென்னை மாகாண வருவாய்த் துறையில் தேர்ந்து மைசூருக்குப் போனவர் அவர். அந்தச் சபைக்குச் சட்டம் இயற்றும் அதிகாரம் இல்லை. குறைகளைச் சொல்லலாம், அரசின் பதிலைக் கேட்கலாம். சொன்னதும் கேட்டதும் எழுத்தில் ஏறினால்தான் அடுத்த ஆண்டு திரும்ப நினைவூட்ட முடியும். சட்டம் இயற்றும் அதிகாரம் வருவதற்கு முன்பே பதிவுக்குத் தேவை வந்துவிட்டது என்பதை இங்கே கவனிக்க வேண்டும்.

செயலாளரின் வேலை சபை கூடுவதற்கு வெகு முன்னதாகவே தொடங்குகிறது. கூட்டத்தொடரை அழைப்பவர் ஆளுநர். அந்த அழைப்பை ஒவ்வோர் உறுப்பினருக்கும் அனுப்புபவர் செயலாளர். உறுப்பினர்கள் கொடுக்கும் கேள்விகளை விதிக்கு உட்பட்டவையா என்று பார்த்து, துறைவாரியாகப் பிரித்து, பதில் வரவழைக்க வேண்டும். தீர்மானங்கள், திருத்தங்கள், மசோதா நகல்கள், நாளின் நிகழ்ச்சி நிரல் எல்லாம் அவர் அலுவலகம் வழியாகத்தான் வரும். சபை நடக்கும்போது சபாநாயகருக்குக் கீழே இருக்கும் மேஜையில் உட்கார்ந்து, கேட்டால் விதியைச் சொல்ல வேண்டும். கோரம் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும்: பத்துப் பேர் அல்லது மொத்தத்தில் பத்தில் ஒரு பங்கு, எது அதிகமோ அது. 224 பேர் கொண்ட பேரவைக்கு 23 பேர் என்று கணக்கு. மாநிலங்களவைத் தேர்தல் வந்தால் தேர்தல் நடத்தும் அலுவலராகவும் பல நேரம் இவரே இருப்பார். 2020 ஜூனில் கர்நாடகத்தில் நான்கு பேர் போட்டியின்றித் தேர்வானபோது அந்தப் பொறுப்பில் இருந்தவர் பேரவைச் செயலாளர் எம்.கே.விசாலாட்சி.

வாக்கெடுப்பில் இந்த அலுவலர்களின் கையை நேரடியாகப் பார்க்கலாம். 2019 ஜூலை 23 மாலை முதல்வர் குமாரசாமியின் கூட்டணி அரசின் நம்பிக்கைத் தீர்மானம் எண்ணிக் கணிக்கும் முறையில் முடிவானது. வரிசை வரிசையாக உறுப்பினர்கள் எழுந்து நிற்க, பேரவை ஊழியர்கள் தலைகளை எண்ணினார்கள். ஆதரவு 99, எதிர்ப்பு 105. ஓர் அரசு விழுந்தது. அந்த எண்களை இரு தரப்பும் அப்படியே ஏற்றுக்கொண்டன. கல்யாண வீட்டில் மொய் எழுத உட்காருபவரைப் போல: யார் எவ்வளவு செய்தார் என்பதில் அவருக்கு எந்தக் கருத்தும் இருக்கலாம், நோட்டில் ஏறும் தொகை மட்டும் மாறக்கூடாது. அந்த நம்பிக்கைக்காகத்தான் அவரை உட்கார வைக்கிறார்கள்.

இனி, சிக்கலான இடத்துக்கு வருவோம். 2020 டிசம்பர் 15ஆம் தேதி கர்நாடக மேலவையில் நடந்ததைத் தொலைக்காட்சியில் பார்த்தவர்கள் மறந்திருக்க மாட்டார்கள். துணைத் தலைவர் எஸ்.எல்.தர்மே கௌடா தலைவர் இருக்கையில் அமர்ந்திருக்க, காங்கிரஸ் உறுப்பினர்கள் அவரை இழுத்து இறக்கினார்கள். அவை முறையாகத் தொடங்கும் முன்பே அவரை உட்கார வைத்துவிட்டார்கள் என்பது அவர்கள் தரப்பு. தலைவர் பிரதாபசந்திர ஷெட்டி மீது நம்பிக்கையில்லாத் தீர்மானம் நிலுவையில் இருக்கும்போது அவர் தலைமை தாங்கக்கூடாது என்பது பா.ஜ.க. தரப்பு. நாடே தலைகுனிந்த காட்சி அது.

கூச்சலை ஒதுக்கிவிட்டுப் பார்த்தால் உள்ளே இருப்பது நடைமுறைக் கேள்விகள். மேலவைத் தலைவரை நீக்கும் தீர்மானத்துக்குக் குறைந்தது 14 நாள் முன்னறிவிப்பு வேண்டும் என்கிறது 183ஆவது பிரிவு. அந்த 14 நாள் எந்தத் தேதியிலிருந்து? அறிவிப்பு செயலாளரின் அலுவலகத்துக்கு வந்து சேர்ந்த தேதியைப் பார்த்துத்தான் சொல்ல முடியும். தீர்மானம் பரிசீலனையில் இருக்கும் அமர்வில் தலைவர் தலைமை தாங்கக்கூடாது என்கிறது 185. நிலுவையில் இருப்பதும் பரிசீலனையில் இருப்பதும் ஒன்றா? அறிவிப்பு செல்லாது என்று தலைவரே முடிவு செய்யலாமா, தன்னைப் பற்றிய தீர்மானத்திலேயே? அழைப்பு மணி ஓய்ந்து, கோரம் சரிபார்த்து, தலைவர் வந்து அமர்ந்தால்தான் அவை தொடங்கியதாகும் என்றால், அதை உறுப்பினர்களுக்குச் சொல்ல வேண்டியவர் யார்?

இவற்றுக்கெல்லாம் பதில் சொல்லக்கூடிய படிப்பும் முன்னுதாரணக் கோப்புகளும் இருப்பது செயலாளரிடம். ஆனால் அவர் தானாக எழுந்து நின்று தீர்ப்புச் சொல்ல முடியாது. தலைவர் கேட்டால் சொல்வார். கேட்காவிட்டாலும் எழுதி வைக்கலாம். ஏற்பதும் மறுப்பதும் தலைவர் விருப்பம். இங்கேதான் இந்தப் பதவியின் பலவீனம் இருக்கிறது. அமைச்சரவையிலிருந்து அவரைப் பிரித்த அரசியலமைப்பு, சபாநாயகரிடமிருந்தும் மேலவைத் தலைவரிடமிருந்தும் பிரிக்கவில்லை. அலுவலகத்தின் நிர்வாகமும் ஒழுங்கு நடவடிக்கையும் அவர்கள் கையில்தான். நம் நாட்டில் சபாநாயகர்கள் கட்சியை விட்டு விலகுவதும் அரிது. தனக்கு மேலிருப்பவரிடமே, ஐயா, இது விதிக்குப் புறம்பு என்று சொல்ல வேண்டிய இடத்தில் ஒருவரை உட்கார வைத்துவிட்டு, அவருடைய வேலையையும் அந்த மேலிருப்பவர் கையிலேயே கொடுத்திருக்கிறோம்.

தமிழ்நாட்டு வாசகர்களுக்கு 2017 பிப்ரவரி 18 நினைவிருக்கும். எடப்பாடி பழனிசாமி அரசு 122க்கு 11 என்று வென்ற அன்று தி.மு.க. உறுப்பினர்கள் வெளியேற்றப்பட்டிருந்தார்கள். வாக்கெடுப்பு குறித்துப் புகார் போனதும் ஆளுநர் வித்யாசாகர் ராவ் அறிக்கை கேட்டது பேரவைச் செயலாளர் ஜமாலுதீனிடம். சபைக்குள் நடந்ததற்கு அதிகாரபூர்வமான சாட்சி யார் என்ற கேள்வி எழும்போதெல்லாம் கண்கள் அந்த மேஜையை நோக்கித்தான் போகின்றன.

சாட்சி என்றால் முதலில் அவைக்குறிப்பு. சுருக்கெழுத்தர்கள் சில நிமிடங்களுக்கு ஒருவராக மாறி மாறி வந்து குறிப்பெடுப்பார்கள். எந்தச் சொல்லை நீக்குவது என்று முடிவு செய்வது தலைமை; நீக்குவது அலுவலகம். 2024 டிசம்பரில் பெலகாவி சுவர்ண விதான சௌதாவில், பெண் அமைச்சர் ஒருவரை மேலவை உறுப்பினர் இழிசொல்லால் பேசினார் என்ற புகார் வெடித்தபோது, அவை ஒத்திவைக்கப்பட்டிருந்த நேரம் அது, அவைப் பதிவில் அது இல்லை என்றார் தலைவர் பசவராஜ் ஹொரட்டி. சொன்னார், சொல்லவில்லை என்ற சண்டைக்குள் நான் போகவில்லை. ஆனால் பதிவு எந்த நொடியில் தொடங்கி எந்த நொடியில் முடிகிறது என்பது ஒரு பெண்ணின் புகாரையே பாதிக்கும் அளவுக்குப் பெரிய விஷயம் என்பது அன்று தெரிந்தது. ஒத்திவைத்த பிறகும் உறுப்பினர்கள் கலையும் வரை ஒலிப்பதிவு ஓடட்டும் என்று ஒரு விதி எழுதினால் யாருக்கும் நட்டமில்லை.

மொழியும் இதில் உண்டு. கன்னடத்திலோ ஆங்கிலத்திலோ இந்தியிலோ போதிய அளவு பேச முடியாத உறுப்பினரைத் தாய்மொழியில் பேச அனுமதிக்கலாம் என்கிறது 210ஆவது பிரிவு. கோலார் தங்கவயலில் அ.தி.மு.க. வேட்பாளர்கள் வென்று இந்தப் பேரவைக்கு வந்த காலம் உண்டு. அனுமதி கிடைத்தாலும், அந்தப் பேச்சைக் கேட்டு எழுத ஆள் இருந்தால்தான் அது குறிப்பில் நிற்கும்.

செயலாளரின் ஆலோசனையை வெளிச்சத்துக்குக் கொண்டுவர வழி இருக்கிறதா? இருக்கிறது. 2024 பிப்ரவரி 21ஆம் தேதி பிரிட்டன் மக்களவையில் காசா போர்நிறுத்தம் பற்றிய விவாதம். எந்தத் திருத்தத்தை வாக்குக்கு விடுவது என்பதில் சபாநாயகர் லிண்ட்சே ஹாயில் நெடுநாள் மரபை மீறினார். அவையின் கிளார்க் டாம் கோல்ட்ஸ்மித், இது மரபுக்கு மாறானது என்று சபாநாயகருக்கு எழுத்தில் தெரிவித்தார். அந்தக் கடிதம் எல்லோரும் பார்க்கும்படி வைக்கப்பட்டது. முடிவெடுத்தது சபாநாயகர்தான். ஆனால் என்ன ஆலோசனையைக் கேட்டுவிட்டு அந்த முடிவை எடுத்தார் என்பது மக்களுக்குத் தெரிந்தது. அன்றிரவே அவர் சபையில் மன்னிப்புக் கேட்டார்.

நம்மிடம் அந்தக் காகிதம் கோப்புக்குள்ளேயே கிடக்கிறது. நடைமுறை அதிகாரம் உள்ள அவை அலுவலர்களை அந்த அதிகாரத்தைச் செலுத்தியதற்காக நீதிமன்றத்துக்கு இழுக்க முடியாது என்று 212ஆவது பிரிவு பாதுகாப்புக் கொடுக்கிறது. அந்தப் பாதுகாப்பு தேவைதான். ஆனால் வெளியார் யாரும் கேட்க முடியாத இடத்தில் நடப்பதை உள்ளே இருப்பவர்களே திறந்து காட்ட வேண்டிய கடமை கூடுகிறது. ஆண்டுக்கு 60 நாளாவது சபை கூட வேண்டும் என்று கர்நாடகம் 2005இல் தனக்குத்தானே ஒரு சட்டம் போட்டுக்கொண்டது. பெரும்பாலான ஆண்டுகளில் அது எட்டப்படவில்லை. நாட்கள் சுருங்கச் சுருங்க, மசோதா நகல் கைக்கு வந்த சூட்டிலேயே வாக்கெடுப்பும் நடந்து முடியும் நிலை வருகிறது. அப்படிப்பட்ட நெருக்கடியில்தான் விதியைச் சொல்லும் குரல் முதலில் அமுங்கும்.

நான் கேட்பது சிறிய மாற்றம். நம்பிக்கை வாக்கெடுப்பு, தகுதிநீக்கம், தலைவரை நீக்கும் தீர்மானம் ஆகிய மூன்றிலும் செயலாளர் கொடுக்கும் ஆலோசனை எழுத்தில் இருக்க வேண்டும். முடிவு அறிவித்த ஒரு வாரத்துக்குள் அதை அவையின் மேஜையில் வைக்க வேண்டும். மனு, அறிவிப்பு, கடிதம் வந்து சேர்ந்த தேதியையும் நேரத்தையும் அன்றன்றே அவையின் செய்தி அறிக்கையில் போட வேண்டும். இதற்கு அரசியலமைப்புத் திருத்தம் வேண்டாம், அமைச்சரவை ஒப்புதலும் வேண்டாம். தன் நடைமுறை விதியைத் தானே எழுதிக்கொள்ளும் உரிமையை 208ஆவது பிரிவு ஒவ்வோர் அவைக்கும் கொடுத்திருக்கிறது. விதிகள் குழு பரிந்துரைத்து அவை ஏற்றால் போதும். மேலவை, 2020 டிசம்பரை நேரில் கண்ட அவை என்பதால், முதலில் தொடங்கலாம்.