இலவச மின்சாரம்: மனுச் செய்தவருக்கே சலுகை

கர்நாடகத்தில் வீடுகளுக்கு மாதம் 200 யூனிட் மின்சாரம் இலவசம் என்று பொதுவாகப் பேசப்படுகிறது. இந்தப் பேச்சில் பாதிதான் உண்மை. எல்லா வீட்டுக்கும் 200 யூனிட் கிடைப்பதில்லை. மனுச் செய்யாத வீட்டுக்கு ஒரு யூனிட்டும் கிடைப்பதில்லை. சாம்பியன் ரீப்ஸ் லைன் வீடுகளில் வசிக்கும் தமிழ்க் குடும்பங்கள் இந்த வேறுபாட்டைத் தெளிவாக அறிந்து கொள்வது அவசியம்.

தங்கவயலுக்கும் மின்சாரத்துக்கும் உள்ள உறவு பழையது. காவிரியின் சிவசமுத்திரம் நீர்மின் நிலையத்திலிருந்து சுமார் 147 கிலோ மீட்டர் தூரத்துக்குக் கம்பி இழுத்து, 1902ல் இங்குள்ள சுரங்கங்களுக்கு மின்சாரம் கொண்டு வரப்பட்டது. பெங்களூர் நகரம் மின் விளக்கைக் கண்டது அதற்குப் பின்னர், 1905ல்தான். அந்த மின்சாரம் வந்தது தங்கம் எடுப்பதற்காக. 2001 பிப்ரவரி இறுதியில் பாரத் தங்கச் சுரங்க நிறுவனம் மூடப்பட்டதோடு அந்தக் காலம் முடிந்தது. அன்று முதல் விடியற்காலை ரயிலில் பெங்களூருக்குப் போய் இரவு திரும்புவதே ஆயிரக்கணக்கானோரின் பிழைப்பாகி விட்டது. இத்தகைய குடும்பங்களுக்கு மாதா மாதம் வரும் மின் பில் சிறிய செலவல்ல.

திட்டம் சொல்வது என்ன?

‘கிருக ஜோதி’ எனும் இத்திட்டம், 2023 மே மாதம் பதவியேற்ற சித்தராமையா அரசின் ஐந்து உத்தரவாதங்களில் ஒன்று. 2023 ஜூன் 18 முதல் ‘சேவா சிந்து’ வழியாக மனுக்கள் பெறப்பட்டன. ஜூலை மாத உபயோகத்துக்கான பில், ஆகஸ்டில் பூஜ்யமாக வரத் தொடங்கியது. வருமான வரம்பு ஏதும் விதிக்கப்படவில்லை. குடியிருப்போர் வாடகைக்காரராக இருந்தாலும், வாடகை ஒப்பந்தத்தையோ அந்த முகவரி கொண்ட வாக்காளர் அடையாள அட்டையையோ காட்டி மனுச் செய்யலாம் என்பது முக்கியமானது.

சலுகையின் அளவு எப்படி நிர்ணயிக்கப்பட்டது என்பதில்தான் சூட்சுமம் இருக்கிறது. 2022 ஏப்ரல் முதல் 2023 மார்ச் வரையிலான 12 மாதங்களின் சராசரி உபயோகம் கணக்கிடப்பட்டு, அதற்கு மேல் 10 சதவீதம் சேர்க்கப்பட்டது. அந்த அளவு வரைதான் இலவசம். அதைத் தாண்டி, ஆனால் 200 யூனிட்டுக்குள் செலவழித்தால், கூடுதல் யூனிட்டுகளுக்கு மட்டும் பணம் கட்ட வேண்டும். 200ஐத் தாண்டினால் அந்த மாதம் முழு பில்லையும் கட்ட வேண்டும்.

சராசரியாக 180 யூனிட் செலவழித்த வீட்டுக்கு இந்தக் கணக்குப்படி 198 யூனிட் இலவசம். சராசரி 40 யூனிட் உள்ள வீட்டுக்கோ 44 யூனிட்தான். குளிர்சாதனப் பெட்டியும் வாட்டர் ஹீட்டரும் வைத்திருந்தவர் அதிக உதவி பெற, இரண்டு விளக்கும் ஒரு மின் விசிறியுமாகச் சிக்கனமாக வாழ்ந்தவர் குறைந்த உதவி பெற்றார். இந்தக் குறை அரசின் கவனத்துக்கும் வந்தது. 2024 ஜனவரியில், குறைந்த உபயோகமுள்ள வீடுகளுக்கு 10 சதவீதத்துக்குப் பதிலாக 10 யூனிட் சேர்த்துத் தர அமைச்சரவை முடிவு செய்தது. அதன்படி 40 யூனிட் வீட்டுக்கு 50 யூனிட் கிடைக்கும்.

பழைய உபயோகத்தை அளவுகோலாக வைத்ததற்குக் காரணம் இல்லாமல் இல்லை. இலவசம் என்றதும் மின்சாரம் வீணாவதைத் தடுக்க இது உதவும். ஆனால் 2023க்குப் பிறகு குடும்பம் பெருகி, புதிய சாதனம் வாங்கிய ஏழை வீட்டுக்கு இந்த அளவுகோல் பொருந்துவதில்லை.

மனுச் செய்யாதவருக்கு இரட்டை நஷ்டம்

திட்டத்துக்கு வெளியே இருப்பவரின் நிலை மேலும் கவனிக்கத்தக்கது. 2023ல் முதல் 100 யூனிட்டுக்குள் செலவழித்தவருக்கு யூனிட் 4 ரூபாய் 75 காசு. 2024 ஏப்ரலில் எல்லா வீடுகளுக்கும் ஒரே விகிதமாக 5 ரூபாய் 90 காசு ஆக்கப்பட்டது. 50 யூனிட் செலவழிக்கும் வீட்டுக்கு, நிலையான கட்டணமும் வரியும் நீங்கலாக, 237 ரூபாய் 50 காசாக இருந்தது 295 ரூபாய் ஆயிற்று. அதிகம் செலவழித்தவருக்கு விகிதம் குறைந்தது. குறைவாகச் செலவழித்தவருக்கு ஏறியது. மனுச் செய்திருந்தால் இந்த ஏற்றம் அவரைத் தொட்டிராது. மனுச் செய்யாத சிறு குடும்பம் சலுகையையும் இழந்தது, கூடுதல் கட்டணத்தையும் சுமந்தது.

மனுச் செய்யாமல் இருப்பது அலட்சியத்தால் மட்டும் அல்ல. மனுவுக்கு ஆதார் எண், பில்லில் உள்ள கணக்கு எண் ஆகியவை வேண்டும். ஆதாரோடு இணைந்த கைபேசிக்குத்தான் ரகசிய எண் வரும். பழைய சிம் கார்டு போனவருக்கு அங்கேயே வழி அடைபட்டு விடும். லைன் வீடுகளில் வேறு சிக்கல்களும் எழலாம். கணக்கு காலமான தொழிலாளியின் பெயரிலேயே இருந்தால் முதலில் அதைச் சரி செய்து கொள்ள வேண்டியிருக்கும். ஒரே மீட்டரில் இரண்டு மூன்று குடும்பங்கள் இருந்தால், எல்லோருக்கும் சேர்த்து ஒரே சலுகைதான். 200 யூனிட்டைத் தாண்டி அதையும் இழக்கும் அபாயம் உண்டு. ஒருவருக்கு ஒரு மின் இணைப்பு மட்டுமே என்பதும் விதி.

வீடு மாறுவோரும் ஒன்றைக் கவனிக்க வேண்டும். பழைய வீட்டின் கணக்கிலிருந்து ஆதாரை விடுவித்துக் கொண்ட பிறகே புதிய வீட்டுக்கு மனுச் செய்ய முடியும். இதற்கான வசதி 2024ல் ஏற்படுத்தப்பட்டது. முந்தைய 12 மாதக் கணக்கு இல்லாத புதிய இணைப்புக்கு, மாநில சராசரியான 53 யூனிட்டும் அதற்கு மேல் 10 சதவீதமும், அதாவது 58 யூனிட், என்று 2023ல் நிர்ணயிக்கப்பட்டது.

தமிழ்நாட்டு முறை

இங்கே தமிழ்நாட்டு முறையை ஒப்பிட்டுப் பார்ப்பது பொருத்தமாகும். 2016 மே மாதம் ஜெயலலிதா பிறப்பித்த உத்தரவுப்படி, அங்கு வீடுகளுக்கு இரண்டு மாதங்களுக்கு 100 யூனிட் இலவசமாயிற்று. அதாவது மாதத்துக்கு 50 யூனிட். சாம்பியன் ரீப்ஸில் 40 யூனிட் சராசரி உள்ள வீட்டுக்குக் கிடைப்பதும் அதே 50தான். ஆனால் அங்கு இதற்கென்று மனு எழுதி யாரும் வரிசையில் நிற்கவில்லை. பில் போடும்போதே கழிக்கப்பட்டது. கர்நாடகத் திட்டம் நடுத்தர வீடுகளுக்குத் தாராளமானது. ஆனால் ஏழையின் கைக்கு அது போய்ச் சேர்வது காகிதத்தையும் கைபேசியையும் பொறுத்ததாகி விட்டது.

இதற்குப் பரிகாரம் கடினமானதல்ல. எந்தக் கணக்குகள் திட்டத்தில் சேரவில்லை என்பதை பெஸ்காம் தன் பதிவேட்டிலிருந்தே அறிய முடியும். பகலெல்லாம் பெங்களூரில் இருக்கும் தொழிலாளி, அலுவலக நேரத்தில் மனுவோடு வர இயலாது. சாம்பியன் ரீப்ஸிலும் ஆண்டர்சன்பேட்டையிலும் ஞாயிற்றுக்கிழமைகளில் முகாம் நடத்தி, தமிழிலும் விளக்கம் தந்தால் விடுபட்டவர்களைச் சேர்த்து விடலாம். தொழிற்சங்கங்களும் நகரமன்ற உறுப்பினர்களும் இதை வற்புறுத்த வேண்டும்.

அதுவரை குடும்பங்கள் செய்ய வேண்டியது ஒன்று உண்டு. கடைசி பில்லை எடுத்து, அதில் சலுகை கழிக்கப்பட்டிருக்கிறதா என்று பார்க்க வேண்டும். இல்லையென்றால் அந்த பில்லோடும் ஆதாரோடும் கர்நாடகா ஒன் மையத்தையோ பெஸ்காம் அலுவலகத்தையோ அணுகலாம். 1912 என்ற தொலைபேசி எண்ணிலும் விசாரிக்கலாம். காலம் கடந்த மாதங்களின் சலுகை திரும்பி வராது. இனி வரும் மாதங்களையாவது இழக்காமல் இருப்பது அவரவர் கையில் இருக்கிறது.