இன்னும் ஓர் ஆட்டம்

சென்ற போயா விடுமுறையன்று பிற்பகல் கட்டுகஸ்தோட்டையில் நல்ல மழை. வெளியே செல்ல வழியின்றி நாம் சாய்மனைக் கதிரையில் கிடந்து பழைய சஞ்சிகை ஒன்றைப் புரட்டிக்கொண்டிருந்தோம். அவ்வேளை அறையின் மூலையிலிருந்து ‘கொல்’லென்று ஒரு சிரிப்பொலி எழுந்தது. விடுமுறைக்கு வந்திருந்த எமது பேத்தி, 11 வயதுச் சிறுமி, ஒரு புத்தகத்தைக் கடைசிப் பக்கத்திலிருந்து முற்பக்கம் நோக்கி வாசித்துக்கொண்டிருந்தாள்.

“பிள்ளை, புத்தகத்தைப் பின்புறமாக வாசிக்கிறாயே!” என்றோம்.

“இது ஜப்பான் புத்தகம், அம்மப்பா. மங்கா என்று பெயர். இதை இப்படித்தான் வாசிக்க வேண்டும்” என்று எமது அறியாமைக்கு இரங்கி விடையளித்தாள்.

மங்கா என்ற சொல் எமக்கு முற்றிலும் புதிதன்று. ஜப்பானிய ஓவியர் ஹொக்குசாய் தமது சித்திரத் தொகுதிகளுக்கு அப்பெயரை இட்டிருந்தார். அவற்றுள் முதலாவது 1814ஆம் ஆண்டில் வெளிவந்தது. இன்றோ அது சித்திரக்கதைகளுக்குரிய பெயராகி உலகெங்கும் பரவி, கண்டி மாநகரின் சிறுவர் சிறுமியரையும் பற்றிக்கொண்டுவிட்டது.

“கதை யாது?” என்று வினவினோம்.

“பலம் மிகுந்த ஓர் அரக்கன். அவனைக் கண்டால் எல்லாரும் நடுங்குவார்கள். ஆனால், விளையாட்டில் தோற்றால் மட்டும் அவனுக்குப் பொறுக்காது. அழுவான், குதிப்பான், தரையில் உருளுவான். பிறகு எழுந்து வந்து, இன்னும் ஓர் ஆட்டம் என்பான்!”

இதைக் கேட்டதும் எமக்குச் சற்றுப் பெருமிதம் உண்டாயிற்று. “இதற்காக ஜப்பானுக்குப் போக வேண்டுமா? தோல்வியைப் பொறுக்காத அரக்கன் நம் நாட்டிலேயே இருந்தானே! இலங்கை வேந்தன் இராவணனை மறந்துவிட்டாயா?” என்று கதை சொல்லத் தொடங்கினோம்.

நேயர்கள் இராவணனைப் பத்துத் தலைகளும் இருபது தோள்களும் கொண்ட மாவீரனாகவே அறிந்திருப்பார்கள். ஆனால், இராமாயணத்தின் உத்தர காண்டத்தைப் புரட்டினால் அவன் பட்ட அவமானங்கள் நகைப்புக்கு இடமாய் வரிசையாக நிற்பதைக் காணலாம். வழியை மறித்த கயிலை மலையைப் பெயர்க்கப் புகுந்தான். சிவபெருமான் கால் விரலால் இலேசாக அழுத்தவே, கைகள் நசுங்கிக் கதறினான். திருஞானசம்பந்தர் தமது பதிகங்கள் பெரும்பாலானவற்றில் எட்டாம் பாடலை இந்த நிகழ்ச்சிக்கென்றே ஒதுக்கியிருக்கிறார். ஒருவனுடைய தோல்வி இத்தனை முறை பாடப்பட்டது வேறெங்கும் உண்டோ?

பின்னர், ஆயிரங் கைகள் கொண்ட கார்த்தவீரியார்ச்சுனனோடு பொருது, அவன் கையில் சிறைப்பட்டான். பாட்டனாராகிய புலத்தியர் நேரில் வந்து பரிந்து பேசியே அவனை மீட்க வேண்டியதாயிற்று. அதன் பின்னும் அடங்கினானா? கடற்கரையில் வழிபாட்டில் ஆழ்ந்திருந்த வாலியைப் பின்னாலிருந்து பிடிக்கப் பதுங்கிப் பதுங்கிச் சென்றான். வாலி திரும்பிக்கூடப் பாராமல் அவனைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, நான்கு கடல்களிலும் தன் வழிபாட்டை முடித்த பின்னரே கீழே இறக்கினான். வாலி அவனைத் தன் மகன் அங்கதனின் தொட்டிலிற் கட்டிக் குழந்தைக்கு விளையாட்டுப் பொருளாக்கினான் என்று நம்மவர் ஒரு சுவையான சேர்க்கையும் சொல்வதுண்டு.

பேத்தி வயிறு குலுங்கச் சிரித்தாள். அவளுடைய மங்கா கீழே கிடந்தது. எமக்கு உற்சாகம் மிகுந்தது.

“இன்னொன்று கேள். நீ பாடசாலையில் ஆடுகிறாயே, சதுரங்கம், அதுவே இராவணனுக்காக உண்டானது என்று ஒரு கதை இருக்கிறது” என்றோம்.

இது எமது கற்பனையன்று. 1784இல் கல்கத்தாவில் ஆசியக் கழகத்தை நிறுவிய சேர் வில்லியம் ஜோன்ஸ் என்னும் நீதிபதி, இந்தியச் சதுரங்கத்தைப் பற்றி எழுதிய கட்டுரையில் இக்கதையைக் குறித்திருக்கிறார். இராமனுடைய சேனை இலங்கை மாநகரை முற்றுகையிட்டிருந்த காலத்தில், இராவணனின் மனைவி, போரின் சாயலாக இந்த ஆட்டத்தை அமைத்துத் தன் கணவன் மனம் மகிழக் கொடுத்தாளாம். வரலாற்று அறிஞர்கள் இதை ஏற்பதில்லை. ஏறத்தாழ ஆறாம் நூற்றாண்டில் வட இந்தியாவில் தோன்றி, பாரசீகம் சென்று, அராபியர் வழியாக மேற்கே பரவியது இந்த ஆட்டம் என்பதே அவர்கள் துணிபு. ஆயினும் கதையில் ஒரு நுட்பம் உண்டு. சதுரங்கத்தில் வெட்டுண்ட காய்கள் ஆட்டம் முடிந்தபின் மீண்டும் பெட்டிக்குள் வந்துவிடும். மறுநாள் பலகையில் ஏறி நிற்கும். போரில் வீழ்ந்த கும்பகருணனும் இந்திரசித்தும் மீண்டு வருவதில்லை. இதையன்றோ அந்த மனையாள் கணவனுக்குச் சொல்ல எண்ணியிருப்பாள்!

நிற்க. கதையை இவ்வளவில் நிறுத்தியிருந்தால் எமக்குத் தொல்லை நேர்ந்திராது. பேத்தி ஒரு கேள்வி கேட்டாள்: “அந்த மூன்று முறையும் தோற்ற பிறகு இராவணன் என்ன செய்தான், அம்மப்பா?”

விடையைச் சொல்லத் தொடங்கியபோதுதான், அதுவரை கருத்தூன்றிப் பாராத ஒன்று எமக்கே புலனாயிற்று. கயிலையில் தோற்றவன் சிவனைப் பாடி அவரிடமே வாள் பெற்றான். கார்த்தவீரியனிடம் தோற்றவன் எரி சான்றாக அவனோடு நட்புப் பூண்டான். வாலியிடமும் அவ்வாறே. மூன்று முறையும் தன்னை வென்றவரோடு உறவு கொண்டுதான் ஊர் திரும்பினான். தோற்கும் கலை அவனுக்கு ஒரு காலத்தில் நன்கு தெரிந்தே இருந்தது! நான்காம் முறை இராமனிடம் வில்லும் முடியும் இழந்து நின்றபோது, இன்று சென்று நாளை வருமாறு விடை கொடுத்தான் இராமன். அந்த இரவு முழுவதும் அவனுக்குக் கிடைத்தது. சீதையை விடுத்து, “தோற்றேன்” என்ற ஒரு சொல்லைச் சொல்லியிருந்தால் ஒரு குலமே பிழைத்திருக்கும். அந்த ஒரு சொல் வாயில் வரவில்லை.

1960களில் பேராதனைப் பல்கலைக்கழகத்தில் பேராசிரியர் சு. வித்தியானந்தன் அவர்கள் தமிழ் மாணவரைக் கொண்டு ‘இராவணேசன்’ என்னும் வடமோடிக் கூத்தை மேடையேற்றினார். அதை எழுதி, இராவணனாகவும் ஆடியவர் சி. மௌனகுரு. அவர்கள் இராவணனைக் கொடியவனாகக் காட்டவில்லை. பெருமையே பகையாகிப்போன ஒரு பெரிய மனிதனாகக் காட்டினார்கள். அவனைப் பார்த்து நகைப்பது எளிது. அவனிடத்தில் நம்மைக் காண்பதுதான் கடினம்.

“அப்படியானால் இராவணனைவிட என் ஜப்பான் அரக்கன் கெட்டிக்காரன்” என்றாள் பேத்தி. “அவன் அழுதாலும், தோற்றேன் என்று ஒப்புக்கொண்டுதானே இன்னும் ஓர் ஆட்டம் கேட்கிறான்?” பிறகு சற்று யோசித்து, “அம்மப்பா, நீங்கள் ஏன் இப்போது மாஸ்டர் வீட்டுக்குச் சதுரங்கம் ஆடப் போவதில்லை?” என்றாள்.

மழை ஓசை மட்டும் கேட்டது. நாம் விடை கூறவில்லை. நேயர்களிடம் கூறுகிறோம்.

எமது வீட்டிலிருந்து நான்கு வீடுகள் தள்ளி ஒரு சிங்கள அன்பர் வாழ்கிறார். ஓய்வுபெற்ற கணித ஆசிரியர். ஞாயிறு தோறும் பிற்பகலில் அவர் வீட்டு விறாந்தையில் நாங்கள் சதுரங்கம் ஆடுவது பல ஆண்டு வழக்கம். அவர் சிங்களமும் தமிழும் கலந்து பேசுவார், நாமும் அவ்வாறே. 4 ஆண்டுகளுக்கு முன் ஒரு நாள், வெல்லும் நிலையிலிருந்த நாம் அவசரத்தில் எமது குதிரையைத் தொட்டுவிட்டோம். தொட்ட காயை நகர்த்தியே ஆக வேண்டும் என்பது விதி. நகர்த்தினாலோ, குதிரையின் மறைவிலிருந்த எமது இராணி வெட்டுப்படும். “சட்டைக் கை பட்டது” என்றோம். அவர் புன்னகை செய்து, “விரல் பட்டது, மாஸ்டர்” என்றார். அவர் எம்மையும் மாஸ்டர் என்றே அழைப்பார். அந்தப் புன்னகை எம்மைச் சுட்டது. ஏதேதோ கூறினோம். கூறத் தகாதவற்றையும் கூறினோம். பலகையைக் கையால் தட்டிவிட்டு எழுந்து வந்துவிட்டோம்.

அதன்பின் சந்தையில் அவரைக் கண்டால் வீதியின் மறுபுறம் சென்றோம். ஈராண்டுகளுக்கு முன் எமது இல்லாள் காலமானபோது அவர் வந்தார். வாசலில் போட்டிருந்த கதிரையொன்றில் இரவு முழுவதும் அமர்ந்திருந்தார். நாம் ஒரு வார்த்தை பேசவில்லை. விடிந்ததும் எழுந்து போனார். அந்தக் கதிரை இன்றும் எம் கண்முன் நிற்கிறது. விரல் பட்டது என்பது அன்றே எமக்குத் தெரியும்.

தோற்பதில் இழிவில்லை என்று பிள்ளைகளுக்கு உபதேசம் செய்யாத பெற்றோர் இல்லை. ஆனால், பிள்ளைகள் உபதேசத்தைக் கேட்பதில்லை; நம்மைப் பார்க்கிறார்கள். கரம் ஆடும்போது குழந்தை அழுமென்று வேண்டுமென்றே தோற்றுக் கொடுக்கிறோம். தாயக்கட்டையில் அது வெட்டுப்பட்டால் கைகொட்டி ஏளனம் செய்கிறோம். இரண்டும் தவறு. முன்னது தோல்வி என்பதே இல்லை என்ற பொய்யைப் புகட்டுகிறது. பின்னது தோல்வி அவமானம் என்ற அச்சத்தைப் புகட்டுகிறது. நேர்மையாக வென்று, “இன்னும் ஓர் ஆட்டம் பார்ப்போமா?” என்று கேட்பதே நல்ல வழி. தாம் தோற்றாலும் அதையே சொல்ல வேண்டும்.

இதற்குப் பெரியதோர் உதாரணம் நம் காலத்திலேயே உண்டு. 2013ஆம் ஆண்டு நவம்பரில், தாம் வளர்ந்த சென்னை மாநகரிலேயே, விசுவநாதன் ஆனந்த் தமது உலகச் சதுரங்கப் பட்டத்தை நோர்வே இளைஞர் மக்னஸ் கார்ல்சனிடம் இழந்தார். 10 ஆட்டங்களில் ஒன்றில்கூட அவரால் வெல்ல முடியவில்லை. இனி ஓய்வுதான் என்று பலரும் கருதினர். அவரோ அடுத்த ஆண்டே தகுதிப் போட்டியில் முதலிடம் பெற்று, ரஷ்யாவின் சோச்சி நகரில் அதே கார்ல்சனுக்கு எதிரில் மீண்டும் அமர்ந்தார். அங்கும் பட்டம் கிட்டவில்லை. ஆயினும், அவர் மறுபடியும் அந்த நாற்காலியில் வந்து அமர்ந்ததை எவரும் தோல்வியெனக் கூறார்.

மறுநாள் மழை விட்டிருந்தது. பேத்தியின் கையைப் பிடித்துக்கொண்டு அந்த நான்கு வீடுகளையும் கடந்தோம். அத்தனை தூரம் நாம் நடந்ததேயில்லை! மாஸ்டர் விறாந்தையில் செய்தித்தாள் பார்த்துக்கொண்டிருந்தார். “அன்று பட்டது விரல்தான், மாஸ்டர்” என்றோம். அதற்குமேல் சொல்ல வரவில்லை. அவர் எம்மை நிமிர்ந்து பார்த்தார். பிறகு உள்ளே சென்று பலகையை எடுத்து வந்தார்.

காய்களை அடுக்கியபோது கறுப்புக் காலாட்களில் ஒன்றைக் காணவில்லை. அதன் இடத்தில் ஒரு கொட்டைப்பாக்கு இருந்தது. அன்று நாம் பலகையைத் தட்டிவிட்டபோது உருண்டோடிய காலாள் கிடைக்கவேயில்லை என்றும், பெட்டி நிறைவாக இருக்கட்டும் என்று அன்றே பாக்கை எடுத்து வைத்ததாகவும் சொன்னார். 4 ஆண்டுகளாக அந்தப் பாக்கு அங்கே காத்திருந்திருக்கிறது.

அன்றைய ஆட்டத்தில் எமக்கே தோல்வி. எமது இராசாவுக்குப் போக்கிடம் இல்லாது செய்தது அந்தக் கொட்டைப்பாக்கேதான். பேத்தி எமது முகத்தை உற்று நோக்கினாள். நாம் தரையில் உருளுவோம் என எதிர்பார்த்தாள் போலும்.

“தோற்றேன்” என்றோம். “இன்னும் ஓர் ஆட்டம்?”

மாஸ்டர் மணிக்கூட்டைப் பார்த்தார். இருட்டிக்கொண்டு வந்தது. “ஞாயிற்றுக்கிழமை வாருங்கள்” என்றார்.

நேயர்கள் இந்த ஏட்டைக் கையில் எடுத்திருக்கும் இன்று ஞாயிற்றுக்கிழமை. பிற்பகலில் எம்மைத் தேடி எவரேனும் வந்தால், நாம் வீட்டில் இருக்கமாட்டோம். நான்கு வீடுகள் தள்ளி வந்து பாருங்கள்.