தவணை கேட்க வேண்டிய நேரம்

கடன் வழக்கில் தீர்ப்பான தொகையை மொத்தமாகக் கட்ட முடியாதவருக்கு நீதிமன்றம் தவணை கொடுக்கலாம். 1908ஆம் ஆண்டு உரிமையியல் விசாரணைமுறைச் சட்டத்தில் 20ஆம் கட்டளையின் 11ஆம் விதி இதற்கு இரண்டு வழி வைத்திருக்கிறது. தீர்ப்பு சொல்லும்போதே, தகுந்த காரணம் இருந்தால், நீதிபதி தவணையைத் தீர்ப்பாணையில் எழுதிவிடலாம். கடன் கொடுத்தவரின் சம்மதம் தேவையில்லை. தீர்ப்பு ஆனபிறகு என்றால் கடனாளி 30 நாளுக்குள் மனுப் போட வேண்டும். எதிர்த்தரப்பு சம்மதித்தால்தான் தவணை. இங்கிலாந்தின் கவுண்டி நீதிமன்றங்களில் தீர்ப்புக்குப் பிறகும், கடன் கொடுத்தவர் மறுத்தால்கூட, நீதிமன்றமே தவணையை முடிவு செய்யும். இங்கே அந்த வசதி இல்லை.

திருக்கோவிலூர் போன்ற ஊர்களில் புரோநோட்டுக் கடனாளிகள் கோட்டைவிடுவது முதல் வழியைத்தான். சம்மன் வந்ததும், ‘வாங்கினது உண்மை, போய் என்ன சொல்றது’ என்று வீட்டிலேயே இருந்துவிடுகிறார்கள். வழக்கு எக்ஸ்பார்ட்டி ஆகிவிடுகிறது. தீர்ப்புக்கு முந்தைய கடைசி விசாரணைக்கு நேரிலோ வக்கீல் மூலமோ வந்தவரைக் கேட்டுத்தான் தவணை எழுத வேண்டும் என்பது விதி. கடனை ஒப்புக்கொள்கிறவர்தான் முன்சீப் கோர்ட்டு வாசலை முதலில் மிதிக்க வேண்டும்.

தவணை மாதாமாதம்தான் இருக்க வேண்டும் என்று விதியில் இல்லை. மூங்கில்துறைப்பட்டு சர்க்கரை ஆலைக்குக் கரும்பு வெட்டி அனுப்புகிறவருக்கு வருமானம் மாதச் சம்பளம்போல் வராது. ஆலைப் பணம் கைக்கு வரும் காலத்தை ஒட்டித் தவணை கேட்பதே அவருக்குப் பொருந்தும். வட்டியையும் கணக்கில் வைக்க வேண்டும். 2 லட்சம் ரூபாய் அசலுக்கு, தீர்ப்புக்குப் பிறகு ஆண்டுக்கு 6 சதவீதம் என்றால், மாத வட்டியே 1,000 ரூபாய். மாதம் 5,000 கட்டினாலும் தொடக்கத்தில் அசலில் கழிவது 4,000தான். தவணை தவறினால் பாக்கி முழுவதையும் ஒரே தொகையாக வசூலிக்கலாம் என்ற நிபந்தனையும் பெரும்பாலும் கூடவே வரும். கட்ட முடியாத தொகைக்குத் தலையாட்டிவிட்டு வருவது, தவணை வாங்காததைவிட மோசம்.

தவணை இல்லாத தீர்ப்பாணைக்குப் பின்னால் வருவது ஈ.பி., அதாவது நிறைவேற்று மனு. அதைப் போட 12 ஆண்டு அவகாசம் உண்டு. அந்த மனுவை விசாரிக்கும் நீதிமன்றம் தீர்ப்பாணையைத் திருத்த முடியாது. ஆனாலும் கைது கேட்ட மனுவில் கடனாளி நேரில் வந்து ஒரு தொகையைக் கட்டி, மீதிக்கு வாய்தா வாங்குவதும், அடுத்த வாய்தாவில் இன்னும் கொஞ்சம் கட்டுவதும் நடைமுறையில் உண்டு. சட்டம் பெயர் வைக்காத தவணை இது. எதிர்த்தரப்பு பொறுக்கும்வரைதான் ஓடும்.

கையில் காசில்லை என்பதற்காக மட்டும் ஒருவரைச் சிறைக்கு அனுப்ப முடியாது. வசதி இருந்தும் கட்டாமல் ஏமாற்றுகிறார் என்பது தெரிய வேண்டும் என்று 1980இல் ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் வழக்கில் நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் தீர்ப்பெழுதினார். பணத் தீர்ப்பாணைக்காகப் பெண்களைக் கைது செய்யவே கூடாது. மற்றவர்களுக்கு அதிகபட்சம் மூன்று மாதம். உள்ளே இருந்து வந்தாலும் கடன் தீராது. ஜப்திக்கும் எல்லை உண்டு. உழவு மாடு, ஏர்க் கருவிகள், விதை நெல், சமையல் பாத்திரம், விவசாயி குடியிருக்கும் வீடு ஆகியவற்றை அமீனா தொட முடியாது.

கட்டுகிற பணத்தில்தான் அதிகம் ஏமாறுகிறார்கள். கடன் கொடுத்தவர் கையில் நேராகக் கொடுத்த தொகை நீதிமன்றத்தில் பதிவாகாவிட்டால், ஈ.பி.யில் அது கொடுத்த கணக்கிலேயே வராது. பதிவு செய்யும்படி கடனாளியே 30 நாளுக்குள் மனுப் போட வேண்டும். போடும்போது ரசீதோ கடன் கொடுத்தவரின் எழுத்தோ கையில் இருக்க வேண்டும். நீதிமன்றத்திலேயே கட்டி எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் கொடுத்துவிட்டால், அந்தத் தொகைக்கு நோட்டீஸ் சேர்ந்த நாளோடு வட்டியும் நின்றுவிடும்.