நாடகம் முடிந்த பிறகு

2022 பெப்ரவரியில் சன் தொலைக்காட்சியில் 'எதிர்நீச்சல்' தொடங்கியது. அந்த வருடம்தான் நமது நாட்டில் மின்வெட்டும் உச்சத்துக்குப் போனது. மார்ச் கடைசியில் நாளொன்றுக்கு 13 மணித்தியாலம். மாங்குளத்தில் எங்கள் ஒழுங்கையில் கரண்ட் போன இரவுகளில், போனில் நாடகம் பார்த்தவர்கள் பார்க்காதவர்களுக்கு வேலியோரம் நின்று கதை சொன்னார்கள். ஆதி குணசேகரன் என்ன சொன்னான், அப்பத்தாவின் 40 சதவீதப் பங்கு யாருக்குப் போகும், ஜனனி என்ன செய்வாள். அந்தக் கதை பத்து நிமிடத்தில் முடிந்துவிடும். கரண்ட் வராது. பிறகு ஊர்க்கதை தொடங்கும்.

நாடகம்தான் பெண்களைக் கெடுக்கிறது என்று சொல்பவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. மருமகள்கள் நால்வர் அடுக்களையில் அடைபட்டுக் கிடப்பதைத்தானே எதிர்நீச்சல் காட்டியது? குணசேகரனாக நடித்த மாரிமுத்து 2023 செப்டெம்பரில் காலமானபோது எங்கள் உம்மம்மாவும் கவலைப்பட்டார். (அதுவரை அவருக்கு ஏச்சைத் தவிர வேறெதுவும் கொடுத்ததில்லை.)

என் குறை வேறு. நாடகத்தில் பொறாமைக்காரரைப் பார்த்தவுடன் தெரியும். புருவம் உயரும், இசை அதிரும், கெமரா மூன்று தரம் முகத்துக்குக் கிட்டப் போகும். நமக்கு அப்படி ஒன்றும் நடப்பதில்லை. ஆகவே நமக்குப் பொறாமை இல்லை என்று நினைத்துக்கொள்கிறோம். எங்கள் ஒழுங்கையில் பொறாமை "பாவம், நல்லாப் படிக்கிற பிள்ளை..." என்றுதான் வாய் திறக்கும்.

அப்படித்தான் ஒரு பிள்ளையின் பேச்சு வந்தது. ஏ-9 வீதியில் முல்லைத்தீவு பஸ்ஸுக்கு நிற்கும்போது யாரோ ஒரு இளைஞனோடு கதைத்தாளாம். வந்தவர் புத்தளத்திலிருந்து வந்த அவளுடைய சாச்சா. 1990இல் சிதறிய குடும்பங்களில் யார் யாருக்கு என்ன உறவு என்று ஊருக்கு எப்படித் தெரியும்? கேட்டிருந்தால் தெரிந்திருக்கும். ஒருவரும் கேட்கவில்லை. பேச்சு அவளுடைய வாப்பாவின் காதுக்குப் போனது. ரியூசன் நின்றது. அந்த வருடம் அவள் உயர்தரப் பரீட்சை எழுதவில்லை.

சூரா ஹுஜுராத்தின் 12ஆவது வசனம் சந்தேகத்தையும் துருவிப் பார்ப்பதையும் புறம் பேசுவதையும் ஒன்றன்பின் ஒன்றாகத் தடுக்கிறது. அந்த வரிசை எவ்வளவு சரி என்று வேலியோரம் நின்றவர்களுக்குத் தெரியும். அவர்களில் நானும் ஒருத்தி. நான் ஒன்றும் சொல்லவில்லை; கேட்டுக்கொண்டுதான் நின்றேன்.

சாச்சா என்று தெரிந்த பிறகு பேச்சு தானாக அடங்கியது. நாடகமென்றால் யாராவது அவளுடைய வீட்டுக்குப் போய் மன்னிப்புக் கேட்டிருப்பார்கள். எங்கள் ஒழுங்கையில் எவரும் போகவில்லை. பெற்றோரே, அவளுடைய வாப்பாவும் அவளிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்.