கேள்வியை மாற்றிக் கேட்போம்

ஒருவர் புதிதாக வேன் வாங்குகிறார் என்றால், பார்க்க வருகிற உறவினரும் நண்பரும் கேட்கும் முதல் கேள்வி பெரும்பாலும் ஒன்றுதான்: "லிட்டருக்கு எவ்வளவு கொடுக்கும்?" மைலேஜ் என்ற சொல்லை நம் ஊரில் அறியாதவர் இல்லை. விளம்பரங்களிலும் அந்த எண்தான் பெரிய எழுத்தில் அச்சாகிறது.

இந்தக் கேள்வி தவறானதல்ல. ஆனால் அது நம்மை ஏமாற்றக் கூடியது. குறிப்பாக ஏழெட்டுப் பேர் ஏறும் குடும்ப வேன்களின் விஷயத்தில் அது நம் கண்ணை மறைக்கிறது என்பது என் கருத்து. "100 கி.மீ. போக எத்தனை லிட்டர் செலவாகும்? அதில் எத்தனை பேர் போகிறார்கள்?" என்று கேட்கப் பழக வேண்டும். ஏன் என்று பார்ப்போம். இதற்கு வகுத்தல் கணக்கு தெரிந்தால் போதும்.

எந்த வீட்டில் மிச்சம் அதிகம்?

ஒரு தெருவில் இரண்டு வீடுகள் இருப்பதாக வைத்துக்கொள்வோம். முதல் வீட்டில் பழைய வேன். லிட்டருக்கு 8 கி.மீ. ஓடுகிறது. அதை விற்று, 10 கி.மீ. ஓடும் வேனை வாங்குகிறார்கள். இரண்டாவது வீட்டில் சிறிய கார். லிட்டருக்கு 20 கி.மீ. அதை மாற்றி, 25 கி.மீ. ஓடும் காரை வாங்குகிறார்கள். இரு வீட்டு வண்டிகளும் மாதம் 1,000 கி.மீ. ஓடுகின்றன. எந்த வீட்டில் பெட்ரோல் அதிகம் மிச்சமாகும்?

"காரில் 5 கி.மீ. கூடியிருக்கிறது, வேனில் 2 கி.மீ.தான். ஆகவே கார்தான்" என்று சொல்லத் தோன்றுகிறது அல்லவா? பென்சிலை எடுங்கள். பழைய வேனுக்கு மாதம் 125 லிட்டர் தேவை. புதிய வேனுக்கு 100 லிட்டர். மிச்சம் 25 லிட்டர். பழைய காருக்கு 50 லிட்டர். புதிய காருக்கு 40 லிட்டர். மிச்சம் 10 லிட்டர்தான்! சிறிய முன்னேற்றம்போல் தெரிந்த வேன், காரைவிட இரண்டரை மடங்கு பெட்ரோலை மிச்சப்படுத்தியிருக்கிறது.

இந்த ஏமாற்றத்தை அமெரிக்காவில் டியூக் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ரிச்சர்ட் லாரிக், ஜாக் சோல் என்ற இரு ஆய்வாளர்கள் 2008-ல் 'சயன்ஸ்' இதழில் எடுத்துக் காட்டினார்கள். மைலேஜ் கூடும் அளவுக்கே எரிபொருளும் மிச்சமாகும் என்று படித்தவர்களும் நம்பிவிடுகிறார்கள் என்பதே அவர்கள் கண்டது. நூறு மைலுக்கு எத்தனை காலன் என்ற எண்ணைக் கொடுத்ததும் மக்கள் சரியாகக் கணித்தார்கள்.

காரணம் எளிது. மைலேஜும் செலவும் தலைகீழ் விகிதத்தில் உள்ளவை. வரைபடத் தாளில் கிடை அச்சில் மைலேஜையும், செங்குத்து அச்சில் 100 கி.மீ.க்கு ஆகும் லிட்டரையும் குறியுங்கள். 5-க்கு 20, 8-க்கு 12.5, 10-க்கு 10, 20-க்கு 5, 25-க்கு 4. புள்ளிகளை இணைத்தால் கோடு நேராக வராது. தொடக்கத்தில் செங்குத்தாக இறங்கி, போகப் போகப் படுத்துவிடும். அதிகம் குடிக்கும் பெரிய வண்டிகள் அந்தச் செங்குத்தான பகுதியில் இருக்கின்றன. அங்கே ஓர் அடி முன்னேறினாலும் மிச்சம் பெரிது.

ஐரோப்பாவில் பல நாடுகள் 100 கி.மீ.க்கு எத்தனை லிட்டர் என்றே சொல்கின்றன. அமெரிக்காவில் 2013-ஆம் ஆண்டு மாடல்கள் முதல், புதிய காரின் கண்ணாடியில் ஒட்டப்படும் சீட்டில் 100 மைலுக்கு எத்தனை காலன் என்பதும் அச்சிடப்படுகிறது. நம் நாட்டிலும் 2017-18-ல் நடைமுறைக்கு வந்த கார் எரிபொருள் விதிகள் 100 கி.மீ.க்கு லிட்டர் என்ற கணக்கில்தான் எழுதப்பட்டன. அரசின் விதிப் புத்தகத்தில் இருக்கும் அந்த எண் கடையின் விலைச்சீட்டுக்கு ஏன் வரக் கூடாது?

பெட்ரோல் எங்கே போகிறது?

கேள்வியை மாற்றினால் விடை தேடும் வழியும் தெளிவாகும். வேனில் எரியும் பெட்ரோலின் ஆற்றலில் ஏறக்குறைய கால் பங்குதான் சக்கரங்களைச் சேர்கிறது. மீதி பெரும்பாலும் வெப்பமாக ரேடியேட்டர் வழியாகவும் புகைக்குழாய் வழியாகவும் வெளியேறிவிடுகிறது. சக்கரத்துக்கு வந்த கால் பங்கும் மூன்று வேலைகளில் தீர்கிறது: டயர் உருளும்போது ஏற்படும் தடையை வெல்வது, எதிரே உள்ள காற்றை விலக்குவது, பிரேக் போடும் ஒவ்வொரு தடவையும் இழக்கும் வேகத்தை மீண்டும் பெறுவது.

முதலில் பிரேக்கைப் பார்ப்போம். ஆட்களோடு சேர்த்து 2,000 கிலோ எடையுள்ள வேன் மணிக்கு 60 கி.மீ. வேகத்தில் போகிறது. அதன் இயக்க ஆற்றல் என்ன? எடையில் பாதியை வேகத்தின் வர்க்கத்தால் பெருக்குங்கள். வேகம் நொடிக்கு 16.7 மீட்டர். விடை சுமார் 2 லட்சத்து 78 ஆயிரம் ஜூல். பிரேக்கை அழுத்தி நிறுத்தினால் இவ்வளவும் பிரேக்கைச் சூடாக்கிக் காற்றில் கலந்துவிடும். மீண்டும் 60 கி.மீ. வேகத்தைப் பிடிக்க அதே ஆற்றலை எஞ்சின் புதிதாகத் தர வேண்டும். ஒரு லிட்டர் பெட்ரோலில் சுமார் 3 கோடியே 20 லட்சம் ஜூல் ஆற்றல் உண்டு. கால் பங்கு பயன்பட்டால் 80 லட்சம் ஜூல். வகுத்துப் பாருங்கள். ஒரு தடவை நின்று புறப்பட 35 மில்லிலிட்டர்! பத்துத் தடவை என்றால் 350 மில்லிலிட்டர்.

இரண்டு வேகத்தடைகளுக்கு நடுவே 60 வரை சீறிப் பாய்ந்து பிரேக் போடுபவரும், 40 வரை மட்டும் போய்க் காலை எடுத்துவிடுபவரும் அடுத்த தடையை ஏறக்குறைய ஒரே நேரத்தில்தான் அடைகிறார்கள். 40 கி.மீ. வேகத்துக்கான இயக்க ஆற்றல் 60-க்கு உள்ளதில் பாதிகூட இல்லை. ஆகவே ஓட்டுநரின் வலது கால்தான் வேனில் உள்ள மிகப் பெரிய சிக்கனக் கருவி. அதற்கு விலையும் கிடையாது.

அடுத்தது காற்று. வேன் உயரமானது, முகம் அகன்றது. காற்றின் தடை வேகத்தின் வர்க்கத்துக்கு ஏற்பக் கூடும். மணிக்கு 80 கி.மீ.யிலிருந்து 100 கி.மீ.க்குப் போனால், ஒரே தூரத்துக்குக் காற்றை விலக்கும் வேலை 56 சதவீதம் கூடுகிறது. 200 கி.மீ. பயணத்தில் இதனால் மிச்சமாகும் நேரம் அரை மணி. அந்த அரை மணிக்கு என்ன விலை கொடுக்கிறோம் என்று தெரிந்துகொண்டாவது வேகமாகப் போகலாம்.

கூரைமேல் கட்டும் சாமான்களும் இதே கணக்கில் சேரும். நெடுஞ்சாலையில் கூரைப் பெட்டி ஒன்று மைலேஜை 6 முதல் 17 சதவீதம் வரை குறைக்கலாம் என்கிறது அமெரிக்க எரிசக்தித் துறை. வேனுக்குள் கூடுதலாக 45 கிலோ ஏற்றினால் குறைவது சுமார் 1 சதவீதம்தான். ஆகவே பெட்டி படுக்கை உள்ளே இருக்கட்டும். சுற்றுலா முடிந்த பிறகும் காலியான கேரியரைக் கூரையில் விட்டுவைக்க வேண்டாம்.

டயரில் காற்றுக் குறைந்தாலும் எரிபொருள் வீணாகும். ஆனால் அளவு பெரிதல்ல. நான்கு டயரிலும் 10 பவுண்டு அழுத்தம் குறைந்தால் சுமார் 2 சதவீதம். டயர் தேயாமலும் வெடிக்காமலும் இருக்க அதைக் கவனிப்பது அவசியம். ஆனால் டயருக்குக் காற்றடித்துவிட்டு 100 கி.மீ. வேகத்தில் விரட்டுவது, குழாயில் சொட்டும் நீரை நிறுத்திவிட்டுத் தொட்டியைத் திறந்து விடுவதைப் போன்றது. எது பெரிது, எது சிறிது என்று எடை போடத் தெரிவதுதான் அறிவியல் மனப்பான்மை.

நின்றபடியே குடிக்கும் வேன்

நிற்கும் வேனின் மைலேஜ் பூஜ்யம். பள்ளி விடும் நேரத்தில் வாசலைப் பாருங்கள். ஏசி ஓடுவதற்காக எஞ்சினை அணைக்காமல் வரிசையாக வேன்கள் நிற்கும். பெரிய வேனின் எஞ்சின் இப்படிச் சும்மா ஓடினால் மணிக்கு அரை லிட்டர் முதல் ஒரு லிட்டர் வரை செலவாகும். அங்கே இழப்பு பணம் மட்டுமல்ல. அந்தப் புகையை மூச்சில் இழுப்பது வாசலில் நிற்கும் உங்கள் தம்பியும் தங்கையும்தான். பள்ளி வாசலில் எஞ்சின் ஓடக் கூடாது என்று ஒவ்வொரு பள்ளியும் விதி வகுக்க வேண்டும். இதற்குப் புதிய கண்டுபிடிப்பு எதுவும் தேவையில்லை.

பொறியாளர்கள் என்ன செய்யலாம்?

1984-ல் அறிமுகமாகி 2019 வரை தயாரிக்கப்பட்ட மாருதி வேனைப் பலர் பார்த்திருப்பீர்கள். பின்னாளில் ஆம்னி என்று பெயர் பெற்றது. எஞ்சின் 796 கன சென்டிமீட்டர். எடை 800 கிலோவுக்கும் குறைவு. இன்று பல குடும்பங்கள் விரும்பும் இன்னோவா வகை வேன்கள் அதைப் போல் இரு மடங்கு எடையுள்ளவை. இந்தக் கூடுதல் எடை முழுவதும் வீண் என்று சொல்ல முடியாது. மோதலில் ஆட்களைக் காக்கும் உறுதியான கூடும் காற்றுப் பைகளும் அதில் அடக்கம். பழைய வேனில் ஓட்டுநரின் முழங்காலுக்கு முன்னால் தகடுதான் இருந்தது. பெட்ரோலை மிச்சம் பிடிக்க உயிரைப் பணயம் வைக்க முடியாது.

எடையைக் குறைக்க முடியாத இடத்தில் ஆற்றலைத் திரும்பப் பெறலாம். ஹைபிரிட் வேனில் பிரேக் போடும்போது மோட்டார் ஜெனரேட்டராக மாறி, இயக்க ஆற்றலில் ஒரு பகுதியை மின்கலத்தில் சேமிக்கிறது. சிக்னலில் எஞ்சின் தானே அணைந்துவிடுகிறது. 2022-ல் வெளியான இன்னோவா ஹைகிராஸ் வேனில் இரண்டு வகையும் கிடைத்தன. நிறுவனம் அறிவித்த சோதனை அளவுப்படி சாதாரண பெட்ரோல் வகை லிட்டருக்குச் சுமார் 16 கி.மீ., ஹைபிரிட் வகை சுமார் 23 கி.மீ. நம் கணக்குக்கு மாற்றினால் 100 கி.மீ.க்கு 6.2 லிட்டரும் 4.3 லிட்டரும் ஆகும். ஒரே உடல், ஏறக்குறைய இரண்டு லிட்டர் மிச்சம். சோதனை, ஆய்வுக்கூடத்தில் உருளைகளின் மேல் நடப்பது. நம் சாலையில் இரண்டுமே கூடுதலாகக் குடிக்கும். எனினும் வித்தியாசம் இருக்கும்.

"மின்சார வேன் வந்துவிட்டால் இந்தக் கணக்கெல்லாம் எதற்கு?" என்று கேட்கலாம். மின்சார வேனுக்கும் காற்றுத் தடை உண்டு, எடை உண்டு. 100 கி.மீ.க்கு எத்தனை யூனிட் என்ற கேள்வி அப்போதும் நிற்கும்.

எத்தனை பேர்?

கடைசியாக, கேள்வியின் இரண்டாம் பாதி. 100 கி.மீ.க்கு 10 லிட்டர் குடிக்கும் வேனில் ஒருவர் மட்டும் போனால் அவர் கணக்கில் 10 லிட்டர். ஏழு பேர் போனால் தலைக்கு ஒன்றரை லிட்டருக்கும் குறைவு. 5 லிட்டர் குடிக்கும் சிக்கனமான காரில் தனியாகப் போகிறவர், நிறைந்த வேனில் போகிறவரைவிட மூன்று மடங்குக்கு மேல் செலவழிக்கிறார்! லிட்டருக்கு 5 கி.மீ. மட்டுமே ஓடும் பேருந்தில் 50 பேர் அமர்ந்திருந்தால் தலைக்கு 0.4 லிட்டர்தான். மைலேஜை மட்டும் பார்த்தால் பேருந்துதான் மோசமான வண்டி. ஆட்களையும் எண்ணினால் அதுவே சிறந்த வண்டி.

ஆகவே குடும்ப வேன் கெட்டதல்ல. காலி வேன்தான் கெட்டது. திருமணத்துக்கு ஏழு பேரைச் சுமந்து போகும்போது அது சிக்கனமான வண்டி. மறுநாள் ஒருவரைச் சுமந்துகொண்டு அலுவலகம் போகும்போது அதுவே ஊதாரி. ஒரே தெருவிலிருந்து ஒரே பள்ளிக்கு மூன்று வேன்கள் பாதி காலியாகப் போவதை நிறுத்தினால், எந்த எஞ்சினும் தராத மிச்சம் கிடைக்கும்.

நம் நாடு தனக்குத் தேவையான கச்சா எண்ணெயில் பத்தில் எட்டுப் பங்குக்கு மேல் வெளிநாடுகளிலிருந்து வாங்குகிறது. எரியும் ஒவ்வொரு லிட்டர் பெட்ரோலும் சுமார் 2.3 கிலோ கரியமில வாயுவைக் காற்றில் சேர்க்கிறது. இன்று வாங்கும் வேன் பத்துப் பதினைந்து ஆண்டுகள் ஓடும். அது வெளிவிடும் வாயு அதற்குப் பின்னும் காற்றில் இருக்கும். அந்தக் காலத்தில் வாழப் போகிறவர்கள் நீங்கள். ஆகவே இந்தக் கணக்கைக் கேட்கும் உரிமை உங்களுக்கு உண்டு.

வீட்டில் வேனோ காரோ இருந்தால் ஒரு நோட்டு போடுங்கள். டேங்க் நிரம்பப் பெட்ரோல் போட்ட அன்று மீட்டரில் உள்ள கி.மீ.யைக் குறியுங்கள். அடுத்த முறை மீண்டும் நிரப்பும்போது எத்தனை லிட்டர் பிடித்தது, எத்தனை கி.மீ. ஓடியது என்று எழுதுங்கள். லிட்டரைக் கி.மீ.யால் வகுத்து நூறால் பெருக்குங்கள். 432 கி.மீ.க்கு 36 லிட்டர் என்றால் 8.3 வரும். ஒவ்வொரு பயணத்திலும் எத்தனை பேர் போனார்கள் என்று பக்கத்தில் இன்னொரு கட்டம் போடுங்கள். மூன்று மாதம் எழுதிய பிறகு அந்த நோட்டை அப்பா அம்மாவிடம் காட்டுங்கள். வேனை எப்போது எடுக்க வேண்டும், எப்போது பேருந்தில் போக வேண்டும் என்பதை அந்த எண்களை வைத்துக்கொண்டு வீட்டில் எல்லோரும் சேர்ந்து பேசலாம்.