பூட்டப்பட்ட முழவுகள்

"பழைய மென்பொருள்தானே, எறிந்துவிட்டுப் புதியதை வாங்குங்கள்" என்கிறார்கள். இசைத் தயாரிப்பு விடயத்தில் இதைவிடப் பொறுப்பற்ற அறிவுரை வேறில்லை என்பேன்.

மெய்யான டிரம் ஒலிகளைப் பதிந்துவைத்து வாசிக்கும் எல்எம்-1 இயந்திரத்தை ரோஜர் லின் 1980இல் அமெரிக்காவில் வெளியிட்டார். நாற்பது ஆண்டுகள் கடந்தும், பழுதுபார்க்கத் தெரிந்தவர் கைபட்டால் அது ஒலிக்கும். அதே பணியைக் கணினிக்குள் செய்வதற்கு, ஜேர்மனியின் ஸ்டைன்பேர்க் நிறுவனம் இந்நூற்றாண்டின் தொடக்கக் காலத்தில் எல்எம்-4 என்ற டிரம் சாம்ப்ளரை விற்றது. எந்த விசைக்கு எந்த ஒலி, எவ்வளவு வலுவாக அடித்தால் எது என்று வகுத்துக் கொடுத்தால் அது வாசிக்கும். வயதில் இளைய இதுதான் முதலில் ஊமையாயிற்று.

அக்காலத்து மென்பொருள்கள் பல 32 பிட் வகையின. 2019இல் அப்பிள் தன் மாக் கணினிகளில் அவ்வகை முழுவதற்கும் கதவடைத்தது. அவற்றை இசைச் செயலிகளோடு பிணைத்த விஎஸ்டி முறையின் இரண்டாம் வடிவத்தைத் தன் செயலிகளிலிருந்து நீக்கப்போவதாக, அம்முறையை ஆக்கிய ஸ்டைன்பேர்க்கே 2022இல் அறிவித்தது.

இதனால் இழப்பு யாருக்கு? இறுவட்டில் வெளிவந்த பாடல் தப்பிவிடும். அதன் உள்ளமைப்பைத் தாங்கிய கோப்போ திறக்க மறுக்கும். திறந்தாலும் டிரம் இருந்த இடத்தில் மௌனமே மிஞ்சும். வசதி படைத்த கலையகங்கள் பழைய கணினிகளைப் பேணிக்கொள்ளும். வீட்டின் ஓர் அறையில் இசையமைத்தவனுக்கு அந்த வசதி ஏது?

"எக்காலமும் பராமரிக்க முடியாது" என்பது நிறுவனங்களின் வாதம். அப்படி யார் கேட்டார்கள்? விற்பனையை நிறுத்தும் நாளில் கோப்பின் அமைப்பை வெளியிடுங்கள், உரிமப் பூட்டை அகற்றுங்கள் என்பதே கோரிக்கை. இது முடியாத காரியமும் அன்று. 2020இல் அப்பிள் தன் லொஜிக் செயலியில் பழைய இஎக்ஸ்எஸ்24 சாம்ப்ளருக்குப் பதிலாகப் புதியதொன்றை வைத்தபோது, பழைய கோப்புகளையும் அது திறக்குமாறு செய்தது. மனம் இருந்தது, வழியும் இருந்தது.

நான் இசைஞன் அல்லன், பத்திரிகைக்காரன். ஆயினும் இந்த வலியை அறிவேன். பாமினி எழுத்துருவில் தட்டச்சிட்ட என் பழைய கட்டுரைகள் இன்றைய திரையில் வெறும் ஆங்கில எழுத்துக் குவியலாய்த் தெரிகின்றன. அவற்றை யுனிகோட்டுக்கு மாற்ற முடிவது, எந்த விசையில் எந்த எழுத்து என்ற அட்டவணை எல்லோர் கையிலும் இருப்பதால்தான். அட்டவணை பூட்டிக் கிடந்திருந்தால் என் எழுத்தும் போயிருக்கும்.

இசைஞர்கள் கேட்பதும் அத்தகைய அட்டவணையைத்தான். அது கிடைக்கும்வரை, பழைய கணினி உயிரோடிருக்கும்போதே ஒவ்வொரு டிரம் ஒலித்தடத்தையும் தனித்தனி வேவ் கோப்பாக எடுத்து வையுங்கள். விற்றவன் உங்கள் பாடலுக்குக் காவலிருக்க மாட்டான்.