உப்பு நீரில் ஒரு தவளை! எல்லாம் பழகிவிடுமா?

குப்பம் என்றால் கடற்கரைதான் நினைவுக்கு வரும். ஆனால் அம்மையார்குப்பத்தில் கடல் கிடையாது. திருத்தணிக்கு அப்பால், ஆந்திர எல்லையை ஒட்டிய நெசவாளர் ஊர் அது. அங்கே ஒரு மழை இரவில் தங்க நேர்ந்தது. தறிச் சத்தம் அடங்கியது. தவளைச் சத்தம் தொடங்கியது. விடிய விடியத் தூக்கமில்லை!

காலையில் டீக்கடையில் பேச்சு தவளையைப் பற்றியே சுற்றியது. கடலோர உப்பு நீரில் வாழும் தவளை ஒன்று உண்டு என்று நான் சொல்லி வைத்தேன். ஒருவர் சட்டென்று பிடித்துக்கொண்டார்.

"பாத்தீங்களா சார்! தவளையே உப்புக்குப் பழகிடுச்சு. ஆறு உப்பாச்சு, கிணறு உப்பாச்சுன்னு சும்மா கத்தறாங்க. எல்லாம் பழகிடும் சார்!"

இதை அவர் மட்டுமா சொல்கிறார்? படித்தவர்களும் சொல்கிறார்கள். இது தவறான பேச்சு என்பது என் கருத்து. அந்தத் தவளையே அதற்குச் சாட்சி.

தோலால் குடிக்கும் பிராணி

தவளை வாயால் தண்ணீர் குடிப்பதில்லை. தோல் வழியாக உறிஞ்சிக்கொள்கிறது. அந்தத் தோல்தான் அதற்கு எமன். ஊறுகாய் போடும் தாய்மார்களுக்கு இது எளிதில் புரியும். மாங்காய்த் துண்டில் உப்பைத் தூவினால் என்ன ஆகிறது? துண்டு சுருங்குகிறது; ஜாடியில் நீர் ஊறுகிறது. ஏரித் தவளையைக் கடலில் விட்டாலும் அதே கதைதான். உடம்பு நீர் வெளியேறி, தவளை வற்றிச் செத்துப்போகும்.

உலகில் 7,000-க்கும் மேற்பட்ட தவளை, தேரை இனங்கள் உள்ளன. ஓரளவு உப்பைத் தாங்குபவை சில உண்டு. ஆனால் அலையாத்திக் காட்டின் உப்புச் சேற்றிலேயே குடித்தனம் நடத்துவதில் பெயர் பெற்றது, நண்டு தின்னும் தவளை. ஆம், நண்டைப் பிடித்துத் தின்னும்! தென்கிழக்கு ஆசியாவின் கடலோரங்களில் இது வாழ்கிறது. நம் நாட்டில் நிக்கோபார் தீவுகளில் உண்டு. புதுச்சேரி அலையாத்திக் காட்டிலும் இருப்பதாக 2011-இல் பதிவு செய்தார்கள். (இந்தக் கூட்டத்தைச் சில தனி இனங்களாகப் பிரிக்கவேண்டும் என்று விஞ்ஞானிகள் இப்போது சொல்கிறார்கள். அந்த வழக்கு நமக்கு வேண்டாம்.)

இரத்தத்தில் யூரியா!

இது எப்படிப் பிழைக்கிறது? கார்டன், ஷ்மிட்-நீல்சன், கெல்லி என்ற மூவர் தாய்லாந்துத் தவளைகளைச் சோதித்து, 1961-இல் விடையை வெளியிட்டார்கள்.

வயலுக்குப் போடுகிறோமே யூரியா, அது நம் உடம்பிலும் உண்டாகிறது. சிறுநீரகம் அதை வெளியே தள்ளிவிடும். தள்ளாவிட்டால் ஆளுக்கு ஆபத்து. இந்தத் தவளையோ அதைத் தள்ளாமல் இரத்தத்தில் சேர்த்து வைக்கிறது. வெளியே உள்ள உப்பு நீரைவிட உடம்பின் சாறு சற்றே கெட்டியாகிவிடுகிறது. அதனால் நீர் வெளியே ஓடாமல் உள்ளே வருகிறது. சுறாவும் திருக்கையும் கடலில் செய்யும் தந்திரம் இதுவே!

ஒரு லிட்டர் கடல் நீரில் சுமார் 35 கிராம் உப்பு இருக்கும். வளர்ந்த தவளை 28 கிராம் வரை தாங்கியது. தலைப்பிரட்டையோ தாயை மிஞ்சியது: 39 கிராம்! அதற்கு யூரியா வித்தை தெரியாது. மீனைப் போலச் செவுள் வழியாக உப்பை வெளியேற்றுகிறது.

இனிமேல்தான் முக்கியமான விஷயம். தலைப்பிரட்டை கடும் உப்பில் உயிரோடு இருக்கும். ஆனால் தவளையாக மாறாது. மழை பெய்து, நீரில் உப்பு குறைந்த பிறகுதான் கால் முளைத்துக் கரையேறும். அதாவது, உப்பை வென்ற தவளைக்கும் நல்ல தண்ணீர் வேண்டியிருக்கிறது! இந்த வித்தை கைவர அந்த இனத்துக்கு எத்தனையோ ஆயிரம் தலைமுறைகள் பிடித்திருக்கும். நம் ஏரித் தவளைக்கு அவ்வளவு தவணை யார் கொடுத்தார்கள்?

ஒரத்துப்பாளையம்

டீக்கடை நண்பருக்கு நான் ஒரத்துப்பாளையத்தைச் சொன்னேன். நொய்யல் ஆற்றின் குறுக்கே, பாசனத்துக்காகக் கட்டிய அணை அது. 1992-இல் திறந்தார்கள். திருப்பூர்ச் சாயப்பட்டறைக் கழிவு அதில் வந்து தேங்கியது. நூலில் சாயம் ஏற உப்பைக் கொட்டவேண்டும். நெசவாளர் ஊரில் இதை நான் சொல்லித் தெரியவேண்டியதில்லை. சாயத்தின் நிறம் கண்ணுக்குத் தெரிகிறது. உப்பு தெரிவதில்லை. சில ஆண்டுகளுக்குள் அணை நீர் வயலுக்கு உதவாமல் போயிற்று. விவசாயிகள் வழக்குத் தொடுத்தார்கள். விதிக்கு உட்படாத பட்டறைகளை மூடும்படி 2011 ஜனவரியில் சென்னை உயர்நீதிமன்றம் உத்தரவிட்டது.

அந்த வயல்களில் நெல் பழகிக்கொண்டதா? மாடு பழகிக்கொண்டதா?

இதே திருவள்ளூர் மாவட்டத்தின் கிழக்கே மீஞ்சூர் இருக்கிறது. அளவுக்கு மீறி நிலத்தடி நீரை இறைத்ததால், கடல் நீர் பூமிக்கு அடியில் ஊர்ந்து வந்துவிட்டது. கிணற்றை விட்டு ஓட முடியுமா?

நண்பர் கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு, "எங்க ஏரித் தண்ணி எப்படி இருக்குன்னு யார் சார் பாத்துச் சொல்வாங்க?" என்றார்.

நல்ல கேள்வி! தமிழ்நாடு குடிநீர் வடிகால் வாரியத்துக்கு மாவட்டந்தோறும் பரிசோதனைக் கூடங்கள் உண்டு. சுத்தமான பாட்டிலில் ஏரி நீரைப் பிடித்துக்கொண்டு போய், கட்டணம் செலுத்தினால் உப்பின் அளவை எழுதிக் கொடுப்பார்கள். கோடையில் ஒருமுறை, மழைக்குப் பின் ஒருமுறை பார்ப்பது நல்லது. முடிவைக் கிராம சபையில் எழுந்து வாசிக்கலாம். பட்டறைக்காரரும் அங்கே உட்கார்ந்திருப்பார், கேட்கட்டும்.

"காலி பாட்டில் இருக்கா?" என்று நண்பர் டீக்கடைக்காரரைப் பார்த்தார்.